கருவில் காணும் குறை: ஒரு வரலாற்றுப் பார்வை

புதுவையின் முத்தியால்பேட்டையைக் கடந்து வடக்கே அடியெடுத்து வைத்தால் கோட்டக்குப்பம். ஒரு காலத்தில் அந்த ஓரடிக்குள் இரண்டு ஆட்சிகள் இருந்தன. 1954ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் முதல் நாள் வரை அந்தப் பக்கம் பிரெஞ்சுக் கொடி, இந்தப் பக்கம் வேறு கொடி. இன்று எல்லைக்கோடு ஏட்டளவில்தான் இருக்கிறது. நோய் என்று வந்துவிட்டால் கோட்டக்குப்பத்து மக்கள் கோரிமேட்டு ஜிப்மருக்கோ, புதுவை அரசு மகப்பேறு மருத்துவமனைக்கோதான் பெரும்பாலும் புறப்படுகிறார்கள். மேற்கே விழுப்புரத்தை அடுத்த முண்டியம்பாக்கத்திலும் 2010ஆம் ஆண்டு முதல் அரசு மருத்துவக் கல்லூரி ஒன்று நடைபெற்று வருகிறது.

இம்மருத்துவமனைகளின் வரிசையில் நிற்கும் கருவுற்ற பெண்களில் யாரேனும் ஒருத்தியை மருத்துவர் தனியே அழைத்து, "குழந்தையிடம் ஒரு குறை இருப்பதுபோல் தெரிகிறது, இன்னொரு முறை பார்த்துத்தான் சொல்ல முடியும்" என்று சொல்லும் நாள் வருவதுண்டு. அன்றிரவு அந்த வீட்டில் உறக்கம் இராது. அவள் என்ன உண்டாள்? கிரகணத்தன்று வெளியே போனாளா? யார் வழியில் இப்படி முன்பு பிறந்திருக்கிறது? இனி என்ன செய்வது? மார்க்கம் எதை அனுமதிக்கிறது? கேள்விகள் அடுக்கடுக்காக எழும். விடை தெரியாத கேள்விகளின் பாரம் முழுவதும் கடைசியில் அந்தத் தாயின் தலைமீதே இறங்கும்.

இக்கேள்விகள் புதியவை அல்ல. மனித குலம் பல நூறு ஆண்டுகளாகக் கேட்டு வந்தவை. அவற்றுக்கு விடை கிடைத்த வரலாற்றில் நம் தமிழ்நாட்டுக்கும், குறிப்பாகக் கோஷா முறையில் வாழ்ந்த நம் சமுதாயத் தாய்மார்களுக்கும் ஓர் இடமுண்டு. அவ்வரலாற்றைச் சுருக்கமாகக் காண்போம்.

பழையோர் கண்ட குறைகள்

பிறவிக் குறைகளைத் தமிழர் மிகப் பழங்காலத்திலேயே வகைப்படுத்தி எண்ணியிருக்கின்றனர். உறையூர் முதுகண்ணன் சாத்தனார் என்னும் புலவர் சோழன் நலங்கிள்ளியை நோக்கிப் பாடிய புறநானூற்றின் 28ஆம் பாடலில் எட்டு வகைக் குறைப்பிறப்புகள் கூறப்படுகின்றன. பார்வையின்மை, உருவமற்ற தசைப்பிண்டம், கூன், குறள், ஊமை, செவிடு, விலங்கையொத்த வடிவம், மனமயக்கம் ஆகியவை அவை. சாத்தனாரின் நோக்கம் மருத்துவமன்று, அறிவுரை. ஆயினும் அந்தப் பட்டியலில் கூர்ந்து நோக்கிய கண்ணின் சாயல் தெரிகிறது. ஏனெனில் உருவமற்ற பிண்டத்தையும் உறுப்புக் குறையையும் அவர் தனித்தனியே பிரித்து எண்ணுகிறார்.

கண்டவர் இருந்தனர், காரணம் அறிந்தவர் இல்லை. காரணம் தெரியாத இடத்தில் அச்சம் குடிபுகுவது இயல்பு. ஐரோப்பாவில் 1573ஆம் ஆண்டு பிரெஞ்சு அறுவை மருத்துவர் அம்புருவாஸ் பாரே பிறவிக் குறைகளைப் பற்றி ஒரு நூல் எழுதினார். தம் காலத்து அறிவாளிகளில் தலைசிறந்தவர் அவர். ஆயினும் அவர் அடுக்கிய 13 காரணங்களுள் இறைவனின் சினமும் இடம்பெற்றது. கருவுற்றிருக்கையில் தாய் மனத்தில் எண்ணிய காட்சியும் இடம்பெற்றது.

அவருக்கு ஆறு நூற்றாண்டுகள் முன்னதாகவே முஸ்லிம் ஸ்பெயினின் குர்துபா நகரில் இத்துறை தனி நூலாக எழுதப்பட்டிருந்தது என்பதை நம்மில் பலர் அறியார். அரீப் இப்னு ஸஅத் என்பவர் கருவின் படைப்பு, கருவுற்ற பெண்களின் பராமரிப்பு, பிறந்த குழந்தைகளின் வளர்ப்பு ஆகியவற்றைக் குறித்து பத்தாம் நூற்றாண்டில் ஒரு நூலை இயற்றினார். அதே நகரத்தோடு தொடர்புடைய அறுவை மருத்துவ மேதை அபுல் காஸிம் அஸ்ஸஹ்ராவி தமது 'அத்தஸ்ரீஃப்' என்னும் பெருநூலில், குழந்தைகளின் தலையில் நீர் கோத்துப் பெருத்துவிடும் நோயை விளக்கினார். மருத்துவச்சி தலையை முரட்டுத்தனமாகப் பிடிப்பதால் இது வரக்கூடும் என்று கருதிய அவர், நமக்குப் புலப்படாத வேறு காரணங்களாலும் இது நேருகிறது என்று ஒப்புக்கொண்டார். ஒரு குடும்பத்து ஆண்மக்கள் குருதி நில்லாமல் இறப்பதையும் அவர் குறித்து வைத்தார். பரம்பரையாகத் தொடரும் குருதிக் கசிவு நோயைப் பற்றிய மிகப் பழைய பதிவுகளில் ஒன்று அது. அறிந்ததைக் கூறி, அறியாததை அறியவில்லை என்று ஒப்புக்கொள்வது சிறந்த அறிஞர்களின் இலக்கணம். அந்த நேர்மை நம் வீடுகளில் நிலைத்திருந்தால் எத்தனையோ தாய்மார் வீண்பழியிலிருந்து தப்பியிருப்பர்.

பழி சுமந்த தாய்

உதடு பிளந்து ஒரு குழந்தை பிறந்தால், கிரகண நேரத்தில் தாய் அரிவாள்மணையைத் தொட்டிருப்பாள் என்று சொல்வது நம் ஊர்களில் பழைய வழக்கம். சமயம் எதுவாயினும் இந்த நம்பிக்கையில் எல்லா வீட்டுக் கூடங்களும் ஒன்றுதான். ஆனால் உதடும் அண்ணமும் கரு உருவாகும் முதல் மூன்று மாதங்களுக்குள்ளேயே இணைந்து முடிந்துவிடுகின்றன. ஏழாம் மாதத்துக் கிரகணத்துக்கும் அந்தப் பிளவுக்கும் எந்தத் தொடர்பும் இருக்க முடியாது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களுடைய மகன் இப்ராஹீம் இறந்த நாளில் சூரிய கிரகணம் நேர்ந்தபோது, மக்கள் இரண்டையும் இணைத்துப் பேசினர். அதை மறுத்துத் திருத்தியவர்கள் பெருமானார் அவர்களே. இந்தச் செய்தியை அறிந்த நம் வீடுகளிலேயே கிரகணத்தின் பெயரால் ஒரு தாய் குற்றவாளியாக்கப்படுவது வேதனைக்குரியது.

உண்மையான புறக் காரணங்களை அறிவியல் ஒவ்வொன்றாகவே கண்டெடுத்தது. 1941இல் ஆஸ்திரேலியாவின் கண் மருத்துவர் நார்மன் கிரெக், கண்புரையோடு பிறந்த குழந்தைகள் பலரைத் தொடர்ந்து கண்டார். அவர்களின் தாய்மார் கருவுற்ற தொடக்க மாதங்களில் ரூபெல்லா என்னும் சிறு அம்மையால் பாதிக்கப்பட்டிருந்ததை விசாரித்து அறிந்தார். தாய்க்கு இரண்டு நாள் காய்ச்சலும் தடிப்புமாகக் கடந்துபோகும் நோய், குழந்தையின் கண்ணையும் காதையும் இருதயத்தையும் தாக்கிவிடுகிறது. பெண்குழந்தைக்கு இளமையில் போடும் ஒரு தடுப்பூசி, அவள் பெறப்போகும் பிள்ளையைக் காக்கிறது. 2017ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் இந்திய அரசு தட்டம்மை–ரூபெல்லா தடுப்பூசி இயக்கத்தைத் தொடங்கியபோது, முதற்கட்டப் பகுதிகளில் தமிழ்நாடும் புதுவையும் இருந்தன. அவ்வேளையில் இங்கே வதந்திகளும் பரவின. வதந்தியை நம்பி ஒதுங்கிய பிள்ளைகள் எவரும் பின்னாளில் தாயாகும்போது அதன் விலையைக் கொடுக்க நேரலாம் என்பதை மறந்துவிடலாகாது.

மருந்தே நஞ்சான கதையும் உண்டு. 1957இல் மேற்கு ஜெர்மனியில் தாலிடோமைடு என்ற உறக்க மருந்து விற்பனைக்கு வந்தது. மசக்கைக் குமட்டலுக்கும் அதை மருத்துவர்கள் தந்தனர். சில ஆண்டுகளில் கைகால் வளராத குழந்தைகள் உலகெங்கும் பத்தாயிரத்துக்கு மேல் பிறந்தன. ஜெர்மனியின் விடுகிண்ட் லென்ஸும் ஆஸ்திரேலியாவின் வில்லியம் மெக்பிரைடும் 1961இல் காரணத்தை வெளியிட்ட பின்னரே அம்மருந்து திரும்பப் பெறப்பட்டது. கருவுற்ற பெண் மருத்துவரைக் கேளாமல் எம்மருந்தையும் உண்ணலாகாது என்ற இன்றைய விதி அந்தக் குழந்தைகள் கொடுத்த விலையில் எழுதப்பட்டதாகும்.

கோஷா மருத்துவமனையின் பாடம்

நமக்கு மிக அருகில் நிகழ்ந்த ஒரு வரலாற்றை இங்கே சற்று விரிவாகக் கூற வேண்டும்.

சென்னையில் வழக்கறிஞராக இருந்த கணவருடன் வாழ வந்த மேரி ஷார்லீப் என்ற ஆங்கிலேய மாது, திரைமறைவில் வாழும் பெண்கள் ஆண் மருத்துவரிடம் செல்ல இயலாமல் பேறுகாலத்தில் இறப்பதைக் கண்டு உள்ளம் பதைத்தார். 1875இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் சேர்க்கப்பட்ட முதல் நான்கு பெண்களில் அவரும் ஒருவர். பின்னர் இலண்டனில் பட்டம் பெற்றுத் திரும்பி, 1885இல் கோஷாப் பெண்களுக்கென்றே ஒரு மருத்துவமனையைத் தொடங்கினார். அதுவே திருவல்லிக்கேணியில் இன்று அரசு கஸ்தூர்பா காந்தி மருத்துவமனை. பழையவர்கள் இன்னமும் அதைக் 'கோஷா ஆஸ்பத்திரி' என்றே அழைக்கின்றனர்.

1928இல் லூசி வில்ஸ் என்ற ஆங்கிலேயப் பெண் மருத்துவர் பம்பாய்க்கு வந்தார். அங்கு ஆலைத் தொழிலாளர் குடும்பங்களில் கருவுற்ற பெண்கள் கடும் இரத்தசோகையால் வெளிறி, வீங்கி, இறந்துகொண்டிருந்தனர். அவர் வீடு வீடாக உணவை ஆராய்ந்தார். மிகக் குறைவான உணவு உண்டவர்களும் மிக அதிகமாக இந்நோய்க்கு ஆளானவர்களும் ஏழை முஸ்லிம் பெண்களே என்று கண்டார். இது கிருமியினால் வரும் நோயன்று, உணவில் ஏதோ ஒன்று இல்லாததால் வரும் நோய் என்ற முடிவுக்கு வந்தார். குன்னூரின் ஆராய்ச்சிக் கூடத்திலும் பணியாற்றிய அவர், 1931இல் சென்னைக் கோஷா மருத்துவமனையிலும் தம் ஆய்வைத் தொடர்ந்தார். ஈஸ்ட் சாற்றிலிருந்து செய்யப்படும் மார்மைட் என்ற மலிவான உணவு இந்தச் சோகையைக் குணப்படுத்துவதைக் கண்டு அவ்வாண்டே வெளியிட்டார். அதனுள் இருந்த பொருளின் பெயர் அப்போது யாருக்கும் தெரியாது. பல ஆண்டுகள் அது 'வில்ஸ் காரணி' என்றே வழங்கியது.

அப்பொருளுக்கு 1941இல் பெயர் கிடைத்தது. பசலையினத்துக் கீரையிலிருந்து அதைப் பிரித்தெடுத்தவர்கள், இலை என்று பொருள்படும் இலத்தீன் சொல்லிலிருந்து 'ஃபோலிக் அமிலம்' என்று பெயர் சூட்டினர். 1945இல் அமெரிக்காவின் லெடர்லி ஆய்வகத்தில் அதைச் செயற்கையாகத் தயாரித்த குழுவின் தலைவர் எல்லாப்பிரகட சுப்பாராவ். பீமவரத்தில் 1895இல் பிறந்து, திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியிலும் சென்னை மருத்துவக் கல்லூரியிலும் பயின்றவர். இளமையில் தம் உடன்பிறந்தவர்களை வெப்பநாட்டுக் கழிச்சல் நோய்க்குப் பறிகொடுத்தவர் அவர். அந்நோய்க்கும் மருந்தான ஒன்றைத் தம் கைகளாலேயே உலகுக்கு அளிக்கும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது.

அரை நூற்றாண்டுக்குப் பின் இதே ஃபோலிக் அமிலம், கருவின் குறை பற்றிய வரலாற்றில் தலையாய இடம் பெற்றது. குழந்தையின் மூளையும் தண்டுவடமும் முதலில் ஒரு தட்டையான ஏடு போலத் தோன்றி, இருபுறமும் மடிந்து ஒரு குழாயாக மூடிக்கொள்கின்றன. இம்மூடல் கருத்தரித்த 28 நாட்களுக்குள் முடிந்துவிடுகிறது. மேற்புறம் மூடாவிடில் மண்டையோடு உருவாகாது, அக்குழந்தை பிழைப்பதில்லை. கீழ்ப்புறம் மூடாவிடில் முதுகுத்தண்டில் பிளவு ஏற்பட்டு, கால்கள் செயலிழக்கக்கூடும். இத்தகைய குழந்தையை முன்பே பெற்ற தாய்மார் 1,817 பேரை ஏழு நாடுகளில் 33 மையங்களில் சேர்த்து நடைபெற்ற ஆய்வின் முடிவு 1991இல் வெளியாயிற்று. அவர்களுக்குப் பிறந்தவற்றுள் 27 கருக்களில் மீண்டும் இக்குறை காணப்பட்டது. ஃபோலிக் அமிலம் உண்ட தாய்மாரிடம் 6, உண்ணாதவரிடம் 21. நூற்றுக்கு 72 பங்கு குறை தடுக்கப்பட்டது என்பது இதன் பொருள்.

பம்பாயின் ஏழை முஸ்லிம் பெண்களின் வெளிறிய முகங்களில் தொடங்கிய ஆய்வு உலகத்துக் குழந்தைகளைக் காக்கும் மாத்திரையாக முடிந்தது. ஆனால் ஒரு வருத்தம் எஞ்சுகிறது. மாதவிலக்குத் தள்ளிப்போய் இரண்டு வாரம் ஆவதற்குள் அந்தக் குழாய் மூடிவிடுகிறது. நம் வீடுகளிலோ பெண் மருத்துவரைக் காணச் செல்வது பெரும்பாலும் இரண்டாம் மூன்றாம் மாதத்தில். அப்போது உண்ணும் மாத்திரை சோகையைத் தடுக்கும். தண்டுவடக் குறையைத் தடுக்க இயலாது. ஆகவே நிக்காஹ் முடிந்து குழந்தையை விரும்பும் காலத்திலிருந்தே நாள்தோறும் 400 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலம் உண்பது நன்று. முன்னர் இத்தகைய குழந்தையைப் பெற்றவர்களுக்கு இதன் பத்து மடங்கு அளவை மருத்துவர் தருவர். இம்மாத்திரை அரசு ஆரம்ப சுகாதார நிலையங்களில் விலையின்றியே கிடைக்கிறது. மணமகளுக்கு எத்தனையோ சீர்களை எண்ணிக் கொடுக்கும் நாம் இச்சிறு மாத்திரையை எண்ணாமல் விடுகிறோம்.

இருளைக் கடந்த ஒலி

கருவறைக்குள் நோக்கும் விருப்பம் மனிதனுக்கு நெடுங்காலமாக உண்டு. முதலில் கிடைத்தது எக்ஸ் கதிர். எலும்பு வளர்ந்த பின்னரே அது குறையைக் காட்டும். அத்துடன், கருவிலிருக்கையில் எக்ஸ் கதிர் பட்ட குழந்தைகளுக்கு இளமையிலேயே புற்றுநோய் மிகுதியாக வருவதை ஆலிஸ் ஸ்டூவர்ட் என்ற ஆங்கிலேய மருத்துவர் 1956இல் அறிவித்தார்.

ஒளிக்குப் பதிலாக ஒலி வந்தது. உலோகத்தில் விரிசலைக் கண்டறியத் தொழிற்சாலைகளில் பயன்பட்ட கருவியைக் கொண்டு, ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகர மருத்துவர் இயன் டொனால்டு பெண்களின் வயிற்றுக் கட்டிகளை ஆராய்ந்தார். பொறியாளர் டாம் பிரௌனும் மருத்துவர் ஜான் மெக்விகாரும் அவருக்குத் துணை நின்றனர். காதுக்குக் கேளாத ஒலி உடலுக்குள் சென்று மோதி எதிரொலித்துத் திரும்புவதை உருவமாக்கும் இம்முறையை 1958இல் அவர்கள் வெளியிட்டனர். இன்று நாம் ஸ்கேன் என்று அழைப்பது அதன் வழித்தோன்றலே. இதில் கதிர்வீச்சு இல்லை. 1972இல் ஸ்டூவர்ட் கேம்பெல் என்ற மருத்துவர், மண்டையோடு உருவாகாத கருவை 17ஆம் வாரத்திலேயே ஸ்கேன் மூலம் கண்டறிந்தார்.

மற்றொரு பக்கம் மரபணுவின் கதவு திறந்தது. 1866இல் ஜான் லாங்டன் டவுன் விவரித்த பிறவி நிலையில் மனிதனின் 46 குரோமோசோம்களுக்குப் பதிலாக 47 இருப்பதைப் பாரிஸில் மார்த் கோத்தியே, ஜெரோம் லெஜென் முதலியோர் 1959இல் வெளியிட்டனர். 21ஆம் குரோமோசோம் இரண்டுக்குப் பதிலாக மூன்று. இதில் தாயின் செயலோ தந்தையின் செயலோ ஏதுமில்லை. தாயின் வயது மட்டும் தொடர்புடையது. 20 வயதில் ஏறத்தாழ 1,500இல் ஒன்றாக இருக்கும் வாய்ப்பு, 35இல் ஏறத்தாழ 350இல் ஒன்றாகவும், 40இல் 100இல் ஒன்றாகவும் உயர்கிறது. 1966இல் பனிக்குட நீரிலுள்ள குழந்தையின் அணுக்களை வளர்த்துக் குரோமோசோம்களை எண்ணும் முறை கைகூடியது. 1992இல் இலண்டனில் கைப்ரோஸ் நிக்கோலைடிஸ், மூன்றாம் மாதக் கருவின் பிடரியில் தேங்கும் நீரின் தடிமனை அளந்து ஐயத்தைக் கண்டறியும் வழியைக் காட்டினார். 1997இல் ஹாங்காங் அறிஞர் டென்னிஸ் லோ, தாயின் இரத்தத்திலேயே குழந்தையின் மரபணுத் துணுக்குகள் மிதப்பதைக் கண்டார்.

தமிழ்நாட்டில் இத்துறையை வேரூன்றச் செய்தவர்களில் சென்னை மெடிஸ்கேன் நிறுவனத்தின் மருத்துவர் எஸ். சுரேஷ் குறிப்பிடத் தக்கவர். இந்தியப் பிறவிக் குறைப் பதிவேடு ஒன்று 2001இல் சென்னையிலிருந்தே தொடங்கப்பட்டது. ஜிப்மரில் 1989 முதல் 1992 வரை 12,000க்கு மேற்பட்ட பேறுகளை ஆராய்ந்தபோது, நூற்றுக்கு மூன்று நான்கு குழந்தைகளிடம் ஏதோ ஒரு பிறவிக் குறை காணப்பட்டது. உலகின் பிற பகுதிகளின் கணக்கும் இதையொட்டியே உள்ளது. ஆகவே இது ஒரு குடும்பத்துக்கு மட்டும் வந்த சாபமன்று.

இங்கே ஒரு வேறுபாட்டை எல்லோரும் மனத்தில் இருத்த வேண்டும். ஐயம் வேறு, முடிவு வேறு. 11 முதல் 13 வாரம் வரையிலான பிடரி அளவும் அதனுடன் செய்யும் இரத்தச் சோதனையும், தாயின் இரத்தத்தில் மரபணுத் துணுக்கைத் தேடும் சோதனையும் வாய்ப்பை மட்டுமே கூறும். "250இல் ஒன்று" என்று தாளில் அச்சிட்டிருந்தால், அத்தகைய 250 தாய்மாரில் 249 பேரின் குழந்தைக்கு அக்குறை இல்லை என்பதே பொருள். முடிவைக் கூறுவது நச்சுக்கொடியின் சிறு துணுக்கையோ பனிக்குட நீரையோ எடுத்துச் செய்யும் சோதனை. அதில் கருச்சிதைவுக்குச் சிறிதளவு வாய்ப்பு இருப்பதால், தேவையறிந்தே செய்வர். உறுப்புகளை ஒவ்வொன்றாக நோக்கும் ஸ்கேன் 18 முதல் 20 வாரத்தில். எல்லாக் குறைகளையும் எந்த ஸ்கேனும் காட்டிவிடுவதில்லை. காட்டும் குறைகள் அனைத்தும் பெருங்குறைகளும் அல்ல. சிறுநீரகத்தில் காணும் சிறு வீக்கம் பல குழந்தைகளுக்குத் தானே மறைந்துவிடுகிறது.

உறவுத் திருமணம்

"சொந்தத்தில் கொடுத்ததால்தான் இப்படி" என்ற பேச்சு இவ்விடத்தில் எழாமல் இராது. தமிழ்நாட்டில் எல்லாச் சமயத்தாரிடமும் உறவில் மணமுடிக்கும் வழக்கம் உண்டு. 2019–21ஆம் ஆண்டுகளின் தேசியக் குடும்ப நல ஆய்வின்படி, இம்மாநிலத்தில் நூற்றுக்கு ஏறத்தாழ 28 திருமணங்கள் உறவுக்குள் நடந்தவை. தாய்மாமனை மணக்கும் வழக்கு நமக்கு ஹராம்; மாமன் பிள்ளை, மாமி பிள்ளை, சித்தப்பா பிள்ளை ஆகியோரை மணப்பது ஆகுமானது. ஆகுமானது என்பதால் அது கட்டாயமாகிவிடாது. இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் 'இஹ்யா'வில் மணமகளிடம் விரும்பத் தக்க பண்புகளை எண்ணும்போது, நெருங்கிய உறவினளாக இல்லாதிருப்பதையும் ஒன்றாக வைத்தார்கள். அவர்கள் கூறிய காரணம் வேறாயினும் அறிவுரை கருதத் தக்கது.

மருத்துவக் கணக்கு இது: ஒவ்வொரு மனிதரிடமும் ஒளிந்திருக்கும் சில பழுதான மரபணுக்கள் உண்டு. ஒரே பாட்டனாரிடமிருந்து அதே பழுது தாய் வழியாகவும் தந்தை வழியாகவும் வந்து சேரும்போதுதான் நோய் வெளிப்படுகிறது. உடன்பிறந்தாரின் பிள்ளைகள் மணந்துகொண்டால், பொதுவாக நூற்றுக்கு மூன்றளவில் உள்ள வாய்ப்பு இன்னும் இரண்டு மூன்று அளவு கூடுகிறது. வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியின் ராவ், இன்பராஜ் ஆகியோர் 1970களில் வட ஆர்க்காட்டுப் பகுதியில் பெருந்திரளான குடும்பங்களை ஆராய்ந்து, அஞ்சிய அளவுக்குத் தீங்கு தென்படவில்லை என்றே எழுதினர். ஆகவே உறவில் மணந்த இருவரைக் குற்றவாளிகளாக்க இதில் இடமில்லை. ஆனால் ஒரே குறையுள்ள குழந்தை குடும்பத்தில் முன்பே பிறந்திருந்தால் கணக்கு முற்றிலும் மாறிவிடும். அந்நிலையில் நான்கில் ஒன்று என்ற அளவுக்கு வாய்ப்பு இருக்கக்கூடும். அதை மறைத்துச் சம்பந்தம் பேசுவது அறமாகாது. மரபணு மருத்துவரிடம் கலந்து பேசுவதே அறிவுடைமை.

சட்டமும் ஷரீஅத்தும்

கடைசியாக, யாரும் உரக்கப் பேசத் தயங்கும் கேள்வி. குறை உறுதியானால் என்ன செய்வது?

இந்தியாவில் 1971ஆம் ஆண்டுச் சட்டம், கருவின் கடுங்குறையைக் கருக்கலைப்புக்கு உரிய காரணங்களுள் ஒன்றாக ஏற்று, 20 வாரம் என எல்லை வகுத்தது. 2008இல் 24 வாரக் கருவில் கடும் இருதயக் குறை கண்ட மும்பைத் தம்பதியர் உயர்நீதிமன்றத்தை அணுகியும் அனுமதி கிடைக்கவில்லை. நாடெங்கும் எழுந்த விவாதங்களுக்குப் பின், 2021இன் திருத்தம், மருத்துவக் குழு உறுதிப்படுத்தும் கடுங்குறைகளுக்கு வார எல்லையை நீக்கியது.

இக்கருவிகளைத் தவறாகப் பயன்படுத்திய வெட்கக்கேடும் நம் நாட்டில் நேர்ந்தது. 1970களின் நடுவில் குறைகளை அறியத் தில்லியில் தொடங்கப்பட்ட பனிக்குட நீர்ச் சோதனை, சில ஆண்டுகளிலேயே பெண் கருவை அழிக்கும் வணிகமாயிற்று. 1994இன் சட்டமும் 2003இன் திருத்தமும் கருவின் பாலினத்தை அறிவதையும் அறிவிப்பதையும் குற்றமாக்கின. பெண் மக்களை உயிரோடு புதைத்த கொடுமையை ஒழித்த மார்க்கத்தினர் அக்கேள்வியை ஸ்கேன் அறையில் வாய் திறந்து கேட்பதும் தகாது.

சட்டம் அனுமதிப்பதெல்லாம் மார்க்கம் அனுமதிப்பதாகாது. கருவில் உயிர் ஊதப்படும் காலத்தை 120 நாட்கள் என்று பெரும்பாலான அறிஞர்கள் நபிமொழியிலிருந்து எடுத்துரைத்தனர். அதற்கு முன்னரும் எந்நிலையில் ஆகுமென்பதில் மத்ஹபுகளிடையே கருத்து வேறுபாடு உண்டு. முஸ்லிம் உலக லீகின் ஃபிக்ஹு மன்றம் 1990இல் மக்காவில் கூடி ஆராய்ந்து ஒரு முடிவை வெளியிட்டது. 120 நாட்கள் கடந்தபின், தாயின் உயிருக்கு உறுதியான ஆபத்து நேர்ந்தாலன்றி, குறையைக் காரணம் காட்டிக் கருவைக் கலைக்கலாகாது. அதற்கு முன், சிகிச்சையால் தீராத கடுங்குறை என்று நம்பத் தக்க மருத்துவர் குழு உறுதிசெய்தால், பெற்றோர் வேண்டுகோளின்பேரில் அனுமதிக்கலாம் என்பது அதன் சாரம்.

இங்குதான் நாட்களின் கணக்கு முக்கியமாகிறது. மருத்துவர் கூறும் வாரங்கள் கடைசி மாதவிலக்கின் முதல் நாளிலிருந்து எண்ணப்படுபவை. கருத்தரிப்பு அதற்கு ஏறத்தாழ இரண்டு வாரம் பிந்தியது. ஆகவே கருத்தரித்த 120 நாள் என்பது மருத்துவர் கணக்கில் சற்றேறக்குறைய 19 வாரம். உறுப்புகளை நோக்கும் ஸ்கேனோ 18 முதல் 20 வாரத்தில் நடைபெறுகிறது. நான்கைந்து நாள் தாமதமும், "பெருநாள் கழியட்டும்" என்ற ஒத்திவைப்பும், மாதவிலக்கு நாளைச் சரியாக நினைவில் கொள்ளாமையும், ஒரு குடும்பம் மார்க்க அறிஞரிடம் கேட்க வேண்டிய கேள்வியையே மாற்றிவிடும். ஆகவே மாதவிலக்கு நாளைக் குறித்து வைப்பதும், மூன்றாம் மாத ஸ்கேனைத் தவறவிடாமல் செய்வதும் மருத்துவக் கடமை மட்டுமல்ல, மார்க்கக் கடமையைச் சரிவர நிறைவேற்றுவதற்கும் தேவையான ஆயத்தமாகும். தீர்ப்பு, மருத்துவரின் முழு விளக்கத்தை அறிந்த ஆலிமிடம் கேட்டுப் பெற வேண்டியது. அரைகுறையாகக் கேட்டு வந்த செய்தியை வைத்து யாரும் ஃபத்வா கூற இயலாது.

அறிவதால் பயன் கலைப்பதற்கு மட்டும்தான் என்று எண்ணுவது பெருந்தவறு. இருதயக் குறையுள்ள குழந்தை என்று முன்பே அறிந்தால், பிறந்த நாளிலேயே அறுவை செய்யும் வசதியுள்ள இடத்தில் பேற்றை வைத்துக்கொள்ளலாம். உதட்டுப் பிளவு என்று அறிந்தால், அதிர்ச்சிக்குப் பதிலாகப் பாலூட்டும் முறையைக் கற்றுக்கொண்டு காத்திருக்கலாம். அறுவையால் அது சீராகிவிடும். டவுன் நிலையோடு பிறக்கும் குழந்தையை வரவேற்க உள்ளத்தையும் பொருளையும் முன்கூட்டியே ஆயத்தம் செய்யலாம். பிழைக்காது என்று தெரிந்த குழந்தையையும் பெற்று, பெயரிட்டு, கண்ணீரோடு நல்லடக்கம் செய்யும் தாய்மார் உண்டு. எதைத் தேர்ந்தெடுத்தாலும் அறிந்து தேர்ந்தெடுக்கட்டும்.

சாத்தனார் எண்ணிய எட்டுக் குறைகளுள் சிலவற்றைத் தடுக்கவும், சிலவற்றைத் திருத்தவும், பலவற்றை முன்னரே அறியவும் இன்று வழி உண்டு. ஆனால் அந்தப் பெண் ஸ்கேன் தாளோடு கோட்டக்குப்பம் திரும்பும்போது வாசலில் நிற்பவர் யார், அவர் வாயிலிருந்து எழும் முதல் சொல் எது என்பதை எந்தக் கருவியும் மாற்றாது. "நீ என்ன செய்தாய்?" என்று கேட்பதற்குப் பதில், "வா, உட்கார்; மருத்துவர் என்ன சொன்னார்?" என்று கேட்கும் மாமியாரும், மறுமுறை தானே உடன் செல்லும் கணவனும் அவளுக்கு வேண்டும். அந்த அளவுக்கு ஒவ்வொரு வீடும் கற்றுக்கொண்டால் போதும். மற்றதை அறிந்தவர்கள் அல்லாஹ்வின் உதவியுடன் பார்த்துக்கொள்வார்கள்.